பிரித்துப் பார்க்காத மூன்று மூட்டைகள்

இன்று காலை எங்கள் ஆபீஸில் அரக்கு உருக்கினார்கள், அம்மா. மெழுகுவத்தியைப் பிடித்துக்கொண்டு நின்றது நான்தான். சிவப்புக் குச்சியின் நுனி கொதித்துச் சொட்டும்போது ஒரு வாசனை வருமே, வெல்லம் அடிபிடித்த மாதிரியும் முடி பொசுங்கின மாதிரியும். அது மூக்கில் ஏறியதும் மெழுகுவத்தியைச் சாய்த்துவிட்டேன். "மேடம், பாத்து, துணியில சொட்டுது" என்றார் உதவியாளர். மூட்டையின் கழுத்தில் கட்டிய சணல் முடிச்சின் மேல் அரக்கு விழுந்தது. அதன்மேல் பித்தளை முத்திரையை அழுத்தி எடுத்தார்கள். எல்லாம் முறைப்படி முடிந்தது.

மூட்டைக்குள் இருந்தவை ஹெல்மெட்டுகள். கேளம்பாக்கம் தாண்டிச் சாலையோரப் புளியமரத்தில் கயிறு கட்டித் தொங்கவிட்டு விற்றுக்கொண்டிருந்த ஒருவருடையவை. சாலையை அகலப்படுத்துகிறார்கள், ஓரத்தில் இருக்கிறவர்களை எடுக்கிறார்கள். பொருட்கள் எங்கள் ஆபீஸின் பின்னறைக்கு வருகின்றன. பட்டியல் தட்டச்சு செய்வது என் வேலை. அந்த மனிதர் வாசலில் நின்று கத்திக்கொண்டிருந்தார். எனக்கு அவர் குரல் கேட்டது, ஆனால் மனசால் நான் நின்றது நம் பழைய கடைச் சந்தில்.

நீ போய் அடுத்த மாதத்தோடு இரண்டு வருடம் ஆகிறது. உன்னிடம் நேரில் சொல்லாமல் விட்டது ஒன்று உண்டு என்று நினைத்துக்கொண்டே இருந்தேன். யோசித்துப் பார்த்தால், எல்லாம் உனக்கு முன்பே தெரிந்திருந்தது. ஆனாலும் எழுதுகிறேன். பேசுவதைவிட எழுதுவதுதான் எனக்கு எப்போதும் வரும்.

மகாபலிபுரத்தில் கடற்கரைக்கு இறங்கும் சந்தில் நம்முடையது நான்காவது கடை. நாலு கழி, ஒரு நீலத் தார்ப்பாய். சோழி கோத்த திரை, சிப்பி ஒட்டிய கண்ணாடி, சங்கில் செய்த விளக்கு. முன்னால் என் கையெழுத்தில் ஒரு பலகை: "சங்கில் பெயர் எழுதித் தரப்படும்." லீவு நாட்களில் நான் பின்னால் உட்கார்ந்து மெல்லிய தூரிகையால் பெயர் எழுதுவேன். அந்த வேலை எனக்குப் பிடித்திருந்ததற்குக் காரணம், யாரிடமும் பேச வேண்டியதில்லை. பேசுவதெல்லாம் நீதான். வெள்ளைக்காரர்களைப் பார்த்தால் "லுக்கிங் ஃப்ரீ மேடம், பையிங் ஒன்லி மணி" என்பாய். அவர்கள் சிரித்துக்கொண்டே நின்றுவிடுவார்கள். நான் உள்ளிருந்து ஏதாவது கேட்டால் உன் காதில் விழாது. "சத்தமா சொல்லுடி, கடல் எரைச்சல்ல ஒண்ணும் கேக்கல. எந்தொண்டையில பாதி உனக்கு வந்திருந்தா நீ இந்நேரம் கலெக்டரு" என்பாய்.

சரக்கு தெற்கேயிருந்து லாரியில் சாக்குச் சாக்காக வரும். பெரிதும் சிறிதும், நல்லதும் உடைந்ததும் எல்லாம் ஒன்றாகக் கலந்து. நனைத்த கோணியை விரித்து, குத்துக்காலிட்டு உட்கார்ந்து நீ பிரிப்பாய். மூன்று நாள் ஆகும். ஒவ்வொன்றையும் கையில் வாங்கி, விரலால் விளிம்பைத் தடவி, ஒரு குவியலில் போடுவாய். பார்த்துப் பிரித்ததாக எனக்கு நினைவில்லை. கண் சந்தின் மேல் இருக்கும், கை பிரித்துக்கொண்டிருக்கும். நம் கடையில் வியாபாரம் என்றால் பாதி அந்தப் பிரிப்புதான். பிரிக்காத மூட்டைக்கு விலையே கிடையாது.

நான் பி.ஏ. முடித்து ஒரு வருடம் ஆகியிருந்தது. நம் வம்சத்தில் முதல் ஆள் நான். அப்பா கல்பாக்கத்தில் காண்ட்ராக்ட் வேலைக்குப் போய்வந்துகொண்டிருந்தார். நான் வேலைக்கு மனு மேல் மனுவாகப் போட்டுக்கொண்டு, பதில் வரும்வரை உன் கடையில் உட்கார்ந்திருந்தேன்.

அந்தச் சமயத்தில்தான் வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டத்தில் சில வகைச் சங்குகளையும் சேர்த்திருந்தார்கள், இனி விற்கக் கூடாது என்று. எவையெவை என்று காட்ட எல்லாக் கடைக்கும் ஒரு தாள் கொடுத்துவிட்டுப் போனார்கள். நகலுக்கு நகல் எடுத்த தாள். படத்தில் எல்லாச் சங்கும் கருகிப்போன கத்தரிக்காய் மாதிரி இருந்தது. கீழே பெயர்கள் இங்கிலீஷும் அல்லாத ஏதோ ஒரு மொழியில்.

"இன்னாடி சொல்றான்?"

"தெரியலம்மா."

"பி.ஏ. படிச்சும் தெரியலயா?"

"இது பி.ஏ.வுல இல்லம்மா."

நீ தாளை வாங்கித் தலைகீழாகத் திருப்பிப் பார்த்தாய். "இப்பிடி பாத்தா கொஞ்சம் வெளங்குது" என்றாய். கன்னியப்பன் அண்ணாத்த பக்கத்துக் கடையிலிருந்து சிரித்த சிரிப்பு இன்னும் காதில் இருக்கிறது.

ஒன்று மட்டும் நமக்குத் தெரியும். விரல் விரித்த மாதிரி முள் நீட்டிக்கொண்டிருக்கும் ஐவிரல் சங்கு. அதை வைத்துக்கொள்ளாதே என்று லாரிக்காரரே உன்னிடம் சொல்லியிருந்தார். பழைய சரக்கில் பதினோரு சங்கு மிச்சம் இருந்தது. தூக்கிப் போட உனக்கு மனசு வரவில்லை. கோணிக்கு அடியில் வைத்திருந்தாய். அது தப்பு என்று உனக்கும் தெரியும், எனக்கும் தெரியும். இதை நான் இங்கே மறைக்கப்போவதில்லை.

வனத்துறைக்காரர்கள் வந்தது ஒரு செவ்வாய்க்கிழமை. ஜீப் சத்தம் கேட்டால் நம் சந்தில் ஒரு பழக்கம் உண்டு. எல்லாரும் சாக்குத் திரையை இறக்கிவிட்டு டீ குடிக்கப் போய்விடுவார்கள். சாட்சிக்கு வா என்று கையைப் பிடித்துவிட்டால் அப்புறம் வருடக்கணக்கில் அலைய வேண்டும் என்ற பயம். கன்னியப்பன் அண்ணாத்தயும் கிளம்பினார். போகிற போக்கில், "யக்கா, எந்தத் தாள்லயும் கை வெக்காத, இன்னா?" என்று சொல்லிவிட்டுப் போனார்.

வந்த அதிகாரிக்குச் சின்ன வயது. இஸ்திரி மடிப்புக் கலையாத சட்டை. உன்னை "அம்மா" என்றே கூப்பிட்டார். அவர் ஒரு கெட்ட வார்த்தை பேசியிருந்தால் எனக்குக்கூட அன்றைக்கு வாய் திறந்திருக்கும். கோணியைத் தூக்கிப் பார்த்தார். பதினோரு சங்கும் தெரிந்தது.

"இது வெச்சிருக்கக் கூடாதுன்னு தெரியுமில்லம்மா?"

"தெரியும் சார். அத எடுத்துக்க. மிச்சத்த பிரிச்சுப் பாரு. ஒண்ணும் தப்பு கெடயாது."

"எல்லாத்தையும் ஆபீஸ்ல வெச்சுப் பாத்துக்கலாம்மா."

"ஆபீஸ்ல யாரு பிரிப்பா? இங்கியே பிரிச்சுப் பாரு சார். நானே பிரிச்சுத் தரேன். ஒரு அவரு."

"நேரமில்லம்மா. இன்னும் ரெண்டு எடம் போகணும்."

அவருடன் வந்தவர் உன் துடைப்பத்தையே எடுத்துக்கொண்டார். குவியல் குவியலாக நீ வைத்திருந்ததையெல்லாம் ஒன்றாகக் கூட்டி, முறத்தால் அள்ளிச் சாக்கில் கொட்டினார். சோழி, சிப்பி, சங்கு, ஐவிரல் எல்லாம் ஒன்றாக. சுற்றுலா வந்த பள்ளிக்கூடப் பிள்ளைகள் மாலையில் வாங்கிக்கொள்வதாகச் சொல்லிப் பெயர் எழுதக் கொடுத்திருந்த சங்குகளும் அதில் போயின. சுமதி, பாரூக், ஜெயசீலி. பெயின்ட் இன்னும் காயவில்லை. நீ முறத்தின் பின்னால் போய்க்கொண்டே, "பிரிச்சுப் பாரு சார், பிரிச்சுப் பாரு" என்று சொல்லிக்கொண்டிருந்தாய். உன் மூன்று நாள் வேலையை ஐந்து நிமிடத்தில் கலைத்தார்கள். பொருளை எடுத்துப் போவதைவிடக் கலைப்பதுதான் உன்னால் தாங்க முடியாததாக இருந்தது என்று எனக்குத் தெரிந்தது.

பிறகு மகஜர் எழுதினார்கள். எங்கே, யாரிடமிருந்து, என்னென்ன எடுத்தோம் என்று எழுதிச் சாட்சிகளிடம் கையெழுத்து வாங்கும் தாள். இரண்டு சாட்சி வேண்டும். அந்த வழியாகச் சைக்கிளில் வந்த ஐஸ்காரரை நிறுத்தி ஒரு கையெழுத்து வாங்கிவிட்டார்கள். இன்னொரு ஆளுக்குச் சந்தில் யாருமில்லை. அப்போதுதான் நீ அந்தக் காரியத்தைச் செய்தாய்.

"எம்பொண்ணு போடுவா சார். பி.ஏ. படிச்சிக்கீறா."

உன் முகத்தில் அந்த நேரத்திலும் ஒரு பெருமை இருந்தது. படித்தவள் கையெழுத்து இருந்தால் தாளில் பொய் ஏறாது என்று நீ நம்பினாய். சம்பந்தமில்லாத ஆளைத்தான் சாட்சியாக வைக்க வேண்டும், மகளை வைக்கக் கூடாது என்று உனக்கும் தெரியாது, எனக்கும் தெரியாது. அவருக்குத் தெரிந்திருக்கும். ஆனால் அவருக்கு இன்னும் இரண்டு இடம் போக வேண்டியிருந்தது.

அந்த அதிகாரி, கன்னியப்பன் அண்ணாத்த கடை நாற்காலியை இழுத்துப் போட்டு, "உக்காருங்க மேடம்" என்றார். என் வாழ்க்கையில் என்னை ஒருவர் மேடம் என்றது அதுதான் முதல் தடவை. உட்கார்ந்தேன். படித்தேன். "தடை செய்யப்பட்ட சங்குகள், மூட்டை மூன்று." அதற்குக் கீழே: "உரிமையாளர் ஆட்சேபம் ஏதும் தெரிவிக்கவில்லை."

இரண்டு தடவை படித்தேன், அம்மா. நீ பக்கத்திலேயே நின்று இன்னமும் சொல்லிக்கொண்டிருந்தாய். அவர் பேனாவின் மூடியைக் கழற்றி என் பக்கம் நீட்டிக்கொண்டு காத்திருந்தார், அவ்வளவு மரியாதையாக. "சார், எங்கம்மா சொன்னாங்களே" என்ற மூன்று சொல் போதும். பேனாவை வாங்கினேன். கையெழுத்துப் போட்டேன். பழகி வைத்திருந்தபடி, பெயருக்குப் பின்னால் பி.ஏ. என்றும் சேர்த்துப் போட்டேன். நகல் கேட்கவில்லை. அவர்களும் கொடுக்கவில்லை.

அரக்கு உருகும்போது நீ என் காதருகே குனிந்து கேட்டாய்.

"இன்னா எழுதிக்கீது?"

"மூணு மூட்டைன்னு இருக்கும்மா."

"நான் சொன்னத எழுதிக்கினாரா?"

"ம்" என்றேன்.

சாயங்காலம் அந்தப் பள்ளிக்கூடத்து டீச்சர் வந்து சத்தம் போட்டார். பிள்ளைகள் அழுதன. கன்னியப்பன் அண்ணாத்த திரும்பி வந்து விஷயத்தைக் கேட்டுவிட்டுத் தலையில் அடித்துக்கொண்டார். "நாங்கள்லாம் படிக்காத கூமுட்டைங்க, ஓடிட்டோம். நீ படிச்ச புள்ள, சேர் போட்டு ஒக்காந்து குடுத்துக்கீறியே" என்றார். நீ என் பக்கம் பேசினாய். "அவ இருந்ததாலதான் நான் சொன்னது தாள்ல ஏறிக்கீது. நீ வாய மூடு" என்றாய்.

அந்த நம்பிக்கையோடுதான் மூட்டைகளைத் திருப்பிக் கேட்டுச் செங்கல்பட்டில் அவர்கள் ஆபீஸுக்குப் போக ஆரம்பித்தாய். திருக்கழுக்குன்றம் வழியாகப் போகும் பஸ். முதல் தடவை கல்யாணத்துக்குக் கட்டும் பச்சைப் புடவை கட்டிக்கொண்டாய். ஆபீஸ் மாடிப்படிக்குக் கீழே ஒரு பெஞ்சு. "ஐயா கேம்ப்" என்றார்கள். அடுத்த தடவை "வெள்ளிக்கிழமை வாங்க" என்றார்கள். வெள்ளிக்கிழமை போனால் "ஃபைல் மேல போயிருக்கு" என்றார்கள். நாலாவது தடவைக்குள் நீ பச்சைப் புடவையை விட்டுவிட்டு வீட்டில் கட்டுகிற புடவையிலேயே வந்தாய். யாரும் நம்மைத் திட்டவில்லை. யாரும் நம்மை விரட்டவில்லை. பெஞ்சில் உட்கார இடம்கூடக் கொடுத்தார்கள். உங்கள் பொருளை எடுத்தோமே, உங்கள் தரப்பு என்ன என்று மட்டும் ஒருவரும் கேட்கவில்லை.

ஆறாவது தடவையோ ஏழாவது தடவையோ ஒரு கிளார்க் மனம் இரங்கி ஃபைலை எடுத்து மேஜை மேல் பிரித்தார்.

"நீங்க அன்னிக்கே ஒண்ணும் சொல்லலையேம்மா. இப்ப வந்து பிரிச்சுக் குடுங்கன்னா?"

"சொன்னேனே சார். தாள்ல கீதே."

"எங்க இருக்கு? ஆட்சேபம் ஏதும் தெரிவிக்கவில்லைன்னு இருக்கு. சாட்சி கையெழுத்து இருக்கு. பி.ஏ. வேற. யாரு இது?"

நீ என்னைத் திரும்பிப் பார்க்கவில்லை. அவரையே பார்த்துக்கொண்டு, "எம்பொண்ணு சார். பயந்த புள்ள. படிக்காம போட்டிருப்பா" என்றாய்.

பஸ்ஸில் ஜன்னல் பக்கம் நீ உட்கார்ந்தாய். திருக்கழுக்குன்றம் வந்ததும் டப்பாவைத் திறந்து புளிச்சோற்றில் பாதியை மூடியில் வைத்து என்னிடம் கொடுத்தாய்.

"படிச்சியா அன்னிக்கி?"

"இல்லம்மா."

"பொய் சொல்லாத. கடலை மடிச்சித் தர காயிதத்தக்கூட விடாம படிக்கிறவ நீ."

நான் சோற்றைப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

"அப்ப அந்த 'ம்'மு?"

நான் மூடியை மடியில் வைத்தேன். "துன்னு. ஆறிப்போவுது" என்றாய். அது காலையில் கட்டிய சோறு. எப்போதோ ஆறியிருந்தது.

நீ என்னைத் திட்டியிருக்கலாம். அன்றைக்கு ராத்திரியே எனக்குக் காய்ச்சல் வந்து, நீயே கஷாயம் வைத்துக் கொடுத்தாய். அந்தக் கஷாயம் திட்டைவிடக் கசந்தது.

அதன்பிறகு நான் மனு எழுத ஆரம்பித்தேன். முதல் மனுவில் அதிகாரிகள் அவசரப்பட்டார்கள் என்று எழுதினேன். இரண்டாவதில் தடை இல்லாத சரக்கும் கலந்திருக்கிறது, பிரித்துப் பார்க்க வேண்டும் என்று எழுதினேன். இரண்டுக்கும் பதில் வரவில்லை. எழுத வேண்டிய ஒரு வரியை நான் எழுதவில்லை என்று எனக்குத் தெரியும். உன் ஆட்சேபத்தைக் கேட்டேன், தாளில் அது இல்லை என்று படித்தேன், படித்துவிட்டும் கையெழுத்துப் போட்டேன் என்ற வரி. அதை எழுதினால் என் கையெழுத்தே பொய் என்று நானே எழுதிக்கொடுத்த மாதிரி. அரசாங்க வேலைக்கு மனு போட்டிருக்கிற பெண். "கேஸு உம்மேல திரும்பிக்கப் போவுது, பாத்துக்க" என்று கன்னியப்பன் அண்ணாத்த வேறு பயமுறுத்தினார்.

அதற்குள் உன் கடை காலியாகவே கிடந்தது. புதுச் சரக்கு வாங்க வழியில்லை. வெறும் தார்ப்பாய்க்குக் கீழே உட்கார்ந்து, அடுத்த கடைக்காரர்களுக்குச் சங்கு பிரித்துக் கொடுத்தாய். அடுத்தவர் கோணியில் உன் கை ஓடுவதைப் பார்த்துக்கொண்டு நான் பின்னால் உட்கார்ந்திருந்தேன். அந்த வாரம் மூன்றாவது மனுவில் அந்த வரியை எழுதினேன். எழுதி முடித்ததும் உனக்குப் படித்துக் காட்டினேன். "இன்னொரு தபா படி" என்றாய். படித்தேன். "அனுப்பு" என்றாய்.

அதற்கு ஒரு மாதத்தில் கடிதம் வந்தது. உரிமையாளரும் சாட்சியும் நேரில் வர வேண்டும் என்று. அந்த மனுவால்தான் வந்ததா, புதிய அதிகாரி மாறி வந்ததால் வந்ததா, இன்றுவரை எனக்குத் தெரியாது.

புதியவர் வயதானவர், சலிப்பான முகம். ஃபைலைப் படித்துவிட்டு, மூட்டைகளைக் கொண்டுவரச் சொன்னார். பதினான்கு மாதத் தூசியோடு மூன்று மூட்டையும் வந்தன. அரக்கு விரிசல் விட்டிருந்தது. அவர் என்னைப் பார்த்தார்.

"நீங்கதானே சாட்சி? இவங்க அன்னிக்கு ஏதாவது சொன்னாங்களா?"

"சொன்னாங்க சார்."

"சத்தமா சொல்லுங்க."

"சொன்னாங்க சார். பிரிச்சுப் பாருங்கன்னு ஒம்பது தடவ சொன்னாங்க."

"அப்ப ஏன் கையெழுத்துப் போட்டீங்க?"

எல்லாரும் பார்த்தார்கள். "பேசப் பயமா இருந்துச்சு சார்" என்றேன். அவர் பேனாவை மூடி வைத்தார். பிறகு உன்னிடம், "சரிம்மா, பிரி" என்றார்.

நீ ஆபீஸ் தரையில் சாக்கை விரித்துக் குத்துக்காலிட்டு உட்கார்ந்தாய். அளவு பார்க்காமல் வகை மட்டும் பிரித்ததால் இரண்டு மணி நேரம்தான். கிளார்க்குகள் எழுந்து வந்து சுற்றி நின்றார்கள். முதலில் பதினோரு ஐவிரலையும் தேடி எடுத்துத் தனியாக வைத்தாய். "இது தப்பு சார். தெரிஞ்சேதான் வெச்சிருந்தேன். இதுக்கு இன்னா உண்டோ அத செய். இது சோழி. இது வெறும் சிப்பி. இது பேரு எழுத வெச்ச சங்கு, புள்ளைங்களுது." சுமதியும் பாரூக்கும் ஜெயசீலியும் பெயின்ட் இழுபட்டாலும் படிக்கிற மாதிரியே வெளியே வந்தார்கள். படம் போட்ட நல்ல புத்தகம் ஒன்றை வைத்துக்கொண்டு அவர் ஒவ்வொரு குவியலாகச் சரிபார்த்தார். நீ பிரித்ததில் ஒன்றுகூட மாறவில்லை.

திரும்பி வரும்போது பஸ்ஸில் நீ என்னை ஓரக்கண்ணால் பார்த்தாய்.

"ஒம்பது தபாவா?"

"ஆமாம்மா."

"எண்ணிக்கினா இருந்த?"

"ம்."

"அடிப்பாவி. எண்ணுற நேரத்துல ஒரு தபா வாயத் தொறந்திருக்கலாமே" என்று சொல்லிவிட்டுச் சிரித்தாய். பஸ் முழுக்கத் திரும்பிப் பார்க்கிற அளவுக்குச் சிரித்தாய். எனக்குச் சிரிப்பு வரவில்லை, அழுகைதான் வந்தது. நீ மன்னித்துவிட்டாய் என்பதற்கு எனக்குக் கிடைத்த ஒரே அத்தாட்சி அந்தச் சிரிப்பு.

பதினோரு சங்குக்கு அபராதம் போட்டு, மற்றதைத் திருப்பிக் கொடுக்கச் சொல்லி உத்தரவு வந்தது. ஆனால் அது கைக்கு வர இன்னும் ஒரு சீசன் போய்விட்டது. சுனாமி அலை வந்த வருடத்துக்கு முந்தின வருடம் அது. அதற்குள் நம் இடத்தில் வேறொருவர் தொப்பி விற்றுக்கொண்டிருந்தார். நீ கல்பாக்கம் டவுன்ஷிப்பில் கூட்டுகிற வேலைக்குச் சேர்ந்துவிட்டாய். மூட்டைகள் வீட்டில் கட்டிலுக்கடியில் கிடந்தன. சரியாகப் பிரித்த மூட்டைகள். சரியென்று தீர்ப்பான மூட்டைகள். எப்போதாவது இழுத்துப் பார்த்துவிட்டுத் தள்ளிவிடுவாய். "நாயம் கெடச்சிது. கடதான் கெடைக்கல" என்று ஒருமுறை சொன்னாய், கோபமில்லாமல், கால் நீட்டிக்கொண்டு.

எனக்கு இந்த ஆபீஸில் தற்காலிக வேலை கிடைத்தது உனக்குத் தெரியும். கம்ப்யூட்டரில் உட்கார்கிறேன் என்று தெருவெல்லாம் சொன்னாய். இங்கே சேர்ந்த முதல் வாரம் பறிமுதல் பட்டியலுக்கான படிவத்தைத் திறந்தேன். பெயருக்கு ஒரு கோடு, பொருளுக்கு ஒரு கோடு, தேதிக்கு ஒரு கோடு. எல்லாம் நாம் நிரப்ப வேண்டியவை. ஒரு வரி மட்டும் முன்கூட்டியே அச்சடித்திருந்தது: "உரிமையாளர் ஆட்சேபம் ஏதும் தெரிவிக்கவில்லை." பொருளை எடுப்பதற்கு முன்பே, உரிமையாளர் யார் என்றே தெரிவதற்கு முன்பே, அவர் ஒன்றும் சொல்லவில்லை என்று இருந்தது. எந்தக் காலத்தில் யார் அடித்ததோ. அன்றைக்குச் சந்தில் அந்தச் சின்ன வயது அதிகாரி யோசித்துப் பொய் எழுதியதாக இத்தனை நாள் நினைத்திருந்தேன். அவரும் ஏதோ பழைய தாளைப் பார்த்து எழுதியிருப்பார் என்று அப்போதுதான் தோன்றியது. அது தெரிந்ததில் எனக்கு ஆறுதல் ஏற்படவில்லை. களைப்புதான் ஏற்பட்டது.

அந்த வரியை அழித்து, "உரிமையாளர் சொன்னது" என்று போட்டு மூன்று கோடு விட்டேன். கண்காணிப்பாளர் பழையபடி மாற்றச் சொன்னார். மாற்றினேன். அச்செடுத்த பிறகு பேனாவால் அடித்துவிட்டு ஓரத்தில் கையால் எழுதுகிறேன். அதற்கு அவர் ஒன்றும் சொல்வதில்லை, முகத்தை மட்டும் சுளிக்கிறார். "இன்னா மேடம், கதை எழுதுறீங்களா?" என்று பொருட்களை அள்ளிவர லாரியில் போகிறவர்கள் கேட்கிறார்கள். ஒவ்வொரு பட்டியலுக்கும் கால் மணி நேரம் கூடுகிறது, அவர்களுக்குச் சாப்பாடு தள்ளிப்போகிறது. நான் தற்காலிகம். நாளைக்கே வரவேண்டாம் என்று சொன்னாலும் சொல்லலாம். இதனால் யாருடைய பொருளாவது திரும்பிப் போயிருக்கிறதா என்றால், ஒன்றிரண்டு பேருக்குப் போயிருக்கிறது. மற்றவை பின்னறையில் இருக்கின்றன.

இன்று அரக்கு காய்ந்ததும் பேனாவை எடுத்துக்கொண்டு வாசலுக்குப் போனேன். ஹெல்மெட்காரர் வியர்த்துப் போயிருந்தார்.

"உங்க தரப்பு என்னன்னு சொல்லுங்க, எழுதிக்கிறேன்" என்றேன்.

"இன்னா தரப்பு? நீயும் அவனுங்க கூடத்தான ஒக்காந்துகினு கீற?"

"ஆமா. சொல்லுங்க."

அவர் என்னை ஏற இறங்கப் பார்த்தார். பிறகு சொன்னார். ஒரு வாரம் டைம் கொடுப்பதாகச் சொல்லிவிட்டு மறுநாளே வந்தார்கள். நாற்பத்திரண்டு ஹெல்மெட்டில் ஆறு வேறொருவருடையது, ரிப்பேருக்கு வந்தது. மூட்டையில் போட்டு அமுக்கினால் கண்ணாடி கீறிவிடும், அட்டை வைக்கச் சொன்னால் கேட்கவில்லை. எல்லாவற்றையும் எழுதினேன். நடுவில் அவர் திட்டியதையும் கொஞ்சம் நாகரிகமாக எழுதிக்கொண்டேன்.

"இன்னா எழுதிக்கீது, படி" என்றார்.

படித்தேன். சாலையில் டிப்பர் லாரிகள் போய்க்கொண்டிருந்தன. அவர் காதைக் கிட்டே கொண்டுவந்து, "ஒண்ணும் கேக்கலம்மா. சத்தமா படி" என்றார்.

உள்ளே கண்காணிப்பாளர் தலை நிமிர்ந்தார். லாரியில் போகிறவர்கள் டிபன் பாக்ஸை மூடிவிட்டுத் திரும்பிப் பார்த்தார்கள். அந்தப் பழைய பயம் இன்னும் போகவில்லை, அம்மா. நான் தாளை முகத்துக்கு நேரே தூக்கிப் பிடித்துக்கொண்டேன். பின்னால் கடல் இருக்கிறது, முன்னால் நீ நிற்கிறாய், உனக்குக் கேட்க வேண்டும் என்று வைத்துக்கொண்டேன். முதல் வரியிலிருந்து மறுபடி படித்தேன்.